ஓர் எழுத்தாளர், இரண்டு வாழ்க்கை வரலாறுகள்: ஆங்கிலச் செவ்வியல் எழுத்தாளர்களின் வாழ்க்கையைப் படிக்க ஒரு முழுமையான வழிகாட்டி

ஆங்கில நாவல்களை விரும்பிப் படிக்கிறவர்களுக்கு ஒரு கட்டத்தில், இவற்றை எழுதியவர் எப்படி வாழ்ந்தார் என்று தெரிந்துகொள்ளும் ஆவல் வந்துவிடும். நூலகத்தில் கண்ணில் பட்ட வாழ்க்கை வரலாற்றை எடுக்கிறோம். அறுநூறு, எழுநூறு பக்கம். கதை முப்பாட்டனார் காலத்திலிருந்து தொடங்குகிறது. எழுத்தாளர் பிறப்பதற்குள் பாதிப் பேர் புத்தகத்தை மூடிவிடுகிறார்கள். பொறுமையாகப் படித்து முடிக்கிறவர்களும் அந்த ஒரு நூல் சொன்னதையே முடிந்த முடிவாக எடுத்துக்கொள்கிறார்கள்.

நான் சொல்லும் வழி இதுதான்: ஒரே எழுத்தாளரைப் பற்றி இரண்டு நூல்களைப் படியுங்கள். ஒன்று அவரை நேரில் அறிந்தவர் எழுதியது. மற்றொன்று நம் காலத்து ஆய்வாளர் ஆவணங்களைப் புரட்டி எழுதியது. இரண்டும் ஒத்துப்போகும் இடங்களை வேகமாகக் கடந்துவிடலாம். முரண்படும் இடங்களில் நின்று படிக்க வேண்டும். முதல் நூல் எதை மறைத்தது, ஏன் மறைத்தது, இரண்டாவது நூலுக்கு அது எப்படித் தெரியவந்தது என்று தேடும்போதுதான் அந்த எழுத்தாளர் நமக்கு நெருங்கி வருகிறார்.

வழிநெடுக ஒரே உதாரணத்தைப் பிடித்துக்கொண்டு போகலாம். ‘ஜேன் ஐர்’ நாவலை எழுதிய சார்லட் பிராண்டே (1816–1855) அதற்கு மிகப் பொருத்தமானவர். தேவைப்படும் இடங்களில் டிக்கன்ஸ், ஜேன் ஆஸ்டின், ஹார்டி ஆகிய நாவலாசிரியர்களையும், அகராதி தொகுத்த ஜான்சனையும் தொட்டுக்கொள்வோம்.

1. யாரை எடுப்பது?

எந்த எழுத்தாளரின் இரண்டு நூல்களையாவது முழுதாகப் படித்திருக்கிறீர்களோ, அவரை எடுங்கள். படைப்பைப் படிக்காமல் வாழ்க்கையைப் படித்தால் அது யாரோ ஒருவரின் குடும்பக் கதையாகத்தான் இருக்கும்.

அடுத்து, அவர் எழுதிய கடிதங்கள் எஞ்சியிருக்கின்றனவா என்று பாருங்கள். கடிதம் இல்லாத இடத்தில் வாழ்க்கை வரலாற்றாசிரியர் ஊகத்தை வைத்துத்தான் பக்கங்களை நிரப்ப வேண்டியிருக்கும். ஷேக்ஸ்பியரை முதலில் எடுக்க வேண்டாம் என்று நான் சொல்வது இதனால்தான். 1564 ஏப்ரல் 26 அன்று ஞானஸ்நானம், 1582இல் திருமண உரிமம், 1585இல் இரட்டைக் குழந்தைகளின் ஞானஸ்நானம், பிறகு 1592 வரை ஏறக்குறைய எதுவுமே இல்லை. எஞ்சியிருப்பவை சொத்துப் பத்திரங்கள், வழக்குப் பதிவுகள், உயில் போன்றவை. அவர் எழுதிய கடிதம் ஒன்றுகூடக் கிடைக்கவில்லை. அந்த வெற்றிடத்தைத் தாண்டத் திறமையான ஆய்வாளர்கள் எப்படிப் பாலம் கட்டுகிறார்கள் என்று பார்ப்பது தனி இன்பம். ஆனால் அது பழகிய வாசகருக்கானது. சார்லட்டின் தங்கை எமிலி பிராண்டேயும் அப்படித்தான். சில குறிப்புத் தாள்கள், ஓரிரு கடிதங்கள், அவ்வளவுதான்.

தொடக்கத்துக்கு ஏற்றவர்கள் சார்லட் பிராண்டே, டிக்கன்ஸ், கவிஞர் கீட்ஸ், சாமுவேல் ஜான்சன். நால்வரும் கடிதம் எழுதியவர்கள். நால்வரைச் சுற்றியும் எழுதி வைக்கும் பழக்கமுள்ள நண்பர்கள் இருந்தார்கள்.

தமிழ் வாசகர்களுக்கு இன்னொரு பெயரையும் சொல்வேன். நாவலாசிரியர் வர்ஜீனியா வுல்ஃபின் கணவர் லெனர்ட் வுல்ஃப், 1904 முதல் 1911 வரை இலங்கையில் ஆங்கிலேய அரசின் சிவில் அதிகாரியாக இருந்தார். முதல் பணியிடம் யாழ்ப்பாணம். அங்கே தமிழ் கற்றார். அந்த ஆண்டுகளைப் பற்றித் தம் தன்வரலாற்றில் ஒரு தொகுதியே எழுதினார். அது 1961இல் வெளியானது. வர்ஜீனியாவின் வாழ்க்கை வரலாறுகளில் இந்தப் பகுதி சில பக்கங்களில் கடந்துபோய்விடும். யாழ்ப்பாணத்தை அறிந்த ஒரு வாசகர் அந்தத் தொகுதியைக் கையில் எடுத்தால், லண்டன் விமர்சகர் கண்ணில் படாத பலவும் அவர் கண்ணில் படும்.

2. எந்த இரண்டு நூல்கள்?

சார்லட் இறந்த இரண்டே ஆண்டுகளில், 1857 மார்ச் மாதம், அவருடைய தோழியும் நாவலாசிரியருமான எலிசபெத் காஸ்கல் எழுதிய வாழ்க்கை வரலாறு இரண்டு தொகுதிகளாக வெளிவந்தது. இது நம் முதல் நூல். இரண்டாவது, ஜூலியட் பார்க்கர் 1994இல் வெளியிட்ட ‘தி பிராண்டேஸ்’. பிராண்டே குடும்பம் வாழ்ந்த ஹாவொர்த் ஊரிலுள்ள அருங்காட்சியகத்தில் காப்பாளராக இருந்தவர் பார்க்கர். உள்ளூர்ப் பத்திரிகைகள், தேவாலயப் பதிவேடுகள் என்று யாரும் பொறுமையாகப் பார்க்காத தாள்களையெல்லாம் பார்த்தவர். நூல் பெரியது. தயங்க வேண்டாம், எப்படிப் படிப்பது என்று பின்னால் சொல்கிறேன்.

டிக்கன்ஸ் என்றால் அவருடைய உயிர் நண்பர் ஜான் ஃபார்ஸ்டர் 1872–74இல் எழுதிய மூன்று தொகுதிகளையும், கிளேர் டோமலின் 2011இல் எழுதியதையும் சேர்த்துப் படிக்கலாம். ஜேன் ஆஸ்டினுக்கு, அவருடைய அண்ணன் மகன் ஆஸ்டின்-லீ எழுதிய நினைவு நூலும், டோமலினோ டேவிட் நோக்ஸோ 1997இல் எழுதியதும். ஜான்சனுக்கு அவருடைய நண்பர் பாஸ்வெல் 1791இல் எழுதியது இன்றும் ஈடு இணையற்றது. ஆனால் ஒன்றை மனத்தில் வைத்துக்கொள்ளுங்கள். பாஸ்வெல் ஜான்சனை முதன்முதலில் சந்தித்தது 1763 மே 16 அன்று, லண்டனில் ஒரு புத்தகக் கடையில். அப்போது ஜான்சனுக்கு 53 வயது. வறுமையில் உழன்ற, அகராதியை உருவாக்கிய ஜான்சனை பாஸ்வெல் கண்ணால் கண்டதில்லை. அந்த நூலில் நாம் அதிகம் சந்திப்பது புகழடைந்த முதியவரைத்தான்.

பழைய நூல்களுக்குப் பதிப்புரிமை இல்லை. காஸ்கல், ஃபார்ஸ்டர், பாஸ்வெல், ஆஸ்டின்-லீ நால்வரின் நூல்களும் புராஜெக்ட் குட்டன்பர்க் இணையதளத்தில் இலவசமாகக் கிடைக்கின்றன. புதிய நூல்களுக்குத்தான் நூலகத்தையோ பழைய புத்தகக் கடையையோ நாட வேண்டும்.

எதை முதலில் படிப்பது? பழையதைத்தான். பழைய நூலில் ஒரு குரல் இருக்கிறது. அழுதவர், சினந்தவர், நேசித்தவர் எழுதியது அது. புதிய நூலை முதலில் படித்துவிட்டால் அந்தக் குரலின் பிழைகள் மட்டுமே காதில் விழும்.

3. முதல் அத்தியாயத்துக்கு முன்

நூலை எடுத்ததும் முன்னுரை, நன்றியுரை, காலவரிசை, குடும்ப மரம், பின்னிணைப்பு, பெயரடைவு ஆகியவற்றைப் பாருங்கள். அரை மணி நேரம் போதும். அப்போது மூன்று கேள்விகளுக்கு விடை தேடுங்கள்.

முதலாவது, எழுதியவர் எழுத்தாளருக்கு என்ன உறவு, எழுதச் சொன்னது யார்? காஸ்கலை எழுதச் சொன்னவர் சார்லட்டின் தந்தை, பாதிரியார் பேட்ரிக் பிராண்டே. 1855 ஜூனில் அவரே கடிதம் எழுதிக் கேட்டுக்கொண்டார். அப்படியென்றால் தந்தை உயிரோடிருக்கிறார், சார்லட்டின் கணவர் உயிரோடிருக்கிறார், அவர்கள் படிப்பார்கள் என்று தெரிந்தே காஸ்கல் எழுதுகிறார். ஹார்டியின் கதை இன்னும் விசித்திரம். அவர் இறந்த 1928இலும், பிறகு 1930இலும், இரண்டாவது மனைவி ஃபிளாரன்ஸ் பெயரில் வந்த வாழ்க்கை வரலாற்றின் பெரும்பகுதியை எழுதியவர் ஹார்டியேதான். தம்மை ‘அவர்’ என்று படர்க்கையில் குறிப்பிட்டு எழுதினார். எழுத எழுத மூலத் தாள்களை அழித்துக்கொண்டும் வந்தார். இது தெரியாமல் அந்த நூலைப் படித்தால், மனைவி கணவரைப் போற்றி எழுதியதாகவே தோன்றும்.

இரண்டாவது, கையில் இருப்பது எந்தப் பதிப்பு? காஸ்கலின் நூலில் இது மிக முக்கியம். சார்லட்டின் தம்பி பிரான்வெல் வீட்டாசிரியராக வேலை பார்த்த குடும்பத்தின் தலைவி அவனைக் கெடுத்தார் என்று காஸ்கல் எழுதிவிட்டார். அந்த அம்மையார் வழக்குத் தொடரப்போவதாக மிரட்ட, 1857 மே இறுதியில் டைம்ஸ் நாளிதழில் காஸ்கல் தரப்பு வழக்கறிஞர் பெயரில் மறுப்பு வெளியானது. விற்காத பிரதிகள் திரும்பப் பெறப்பட்டன. அதே ஆண்டு திருத்திய மூன்றாம் பதிப்பு வந்தது. முதல் பதிப்பில் காஸ்கலின் முழு ஆவேசம் இருக்கிறது. மூன்றாவதில் வழக்கறிஞரின் கை இருக்கிறது. முன்னுரையில் எந்தப் பதிப்பின் பாடம் என்று குறிப்பிட்டிருக்கும். முடிந்தால் முதல் பதிப்பையே தேடிப் படியுங்கள்.

மூன்றாவது, அடிக்குறிப்புகள் எப்படிப்பட்டவை? கடிதம், பதிவேடு, நாட்குறிப்பு என்று ஆதாரம் காட்டும் நூலும் இருக்கிறது, முந்தைய வாழ்க்கை வரலாறுகளையே ஆதாரமாகக் காட்டும் நூலும் இருக்கிறது. இரண்டாவது வகை பழைய பிழையைப் புதிய அட்டையில் விற்பது.

4. ஆண்டு நோட்டு

இந்த வழிகாட்டியில் ஒரே ஒரு காரியத்தைத்தான் செய்ய முடியும் என்றால், இதைச் செய்யுங்கள். ஒரு நோட்டில் பக்கத்துக்கு நான்கு பத்திகள் பிரித்துக்கொள்ளுங்கள். ஆண்டும் மாதமும், எழுத்தாளரின் வயது, நடந்தது என்ன, அதைச் சொல்லும் ஆதாரம் எது. பழைய நூலைப் படிக்கும்போது நீல மையிலும் புதிய நூலைப் படிக்கும்போது சிவப்பு மையிலும் எழுதினால் போதும். வேறு குறிப்புகளே தேவைப்படாது.

இது என்ன செய்யும் என்று பாருங்கள். சார்லட் 1842இல் தங்கை எமிலியோடு பிரஸ்ஸல்ஸ் நகரத்துக்குப் போய், ஹெஜே தம்பதியர் நடத்திய பெண்கள் பள்ளியில் பிரெஞ்சு படித்தார். பெரியம்மா இறந்த செய்தி கேட்டு இருவரும் ஊர் திரும்பினார்கள். 1843 ஜனவரியில் சார்லட் மட்டும் தனியாக மீண்டும் போனார். ஓராண்டு மிகுந்த மனச்சோர்வோடு இருந்துவிட்டு 1844 ஜனவரியில் திரும்பிவிட்டார். அந்த மனச்சோர்வுக்கு காஸ்கல் சொல்லும் காரணங்கள், பள்ளித் தலைவி கத்தோலிக்கர் என்பதால் ஏற்பட்ட மத வேற்றுமை, வீட்டிலிருந்து தம்பி பிரான்வெல்லைப் பற்றி வந்த கவலை தரும் செய்திகள் ஆகியவை.

இப்போது நோட்டைப் பாருங்கள். 1843 ஜனவரியில் பிரான்வெல் புதிய வேலையில் சேர்ந்திருக்கிறார். அந்த வேலை போனது 1845 ஜூலையில். குடும்பத்தைக் கலங்கடித்த அவருடைய வீழ்ச்சி அதற்குப் பிறகுதான். 1845இல் நடந்த ஒன்று 1843இன் துயரத்துக்குக் காரணமாக முடியாது. காஸ்கல் இங்கே எதையோ மூடுகிறார் என்று, வேறு எந்த ஆய்வு நூலையும் திறக்காமலே, உங்கள் நோட்டு சொல்லிவிடும்.

அவர் மூடியது என்ன என்பதை ஆறாவது படியில் பார்ப்போம்.

5. எரிந்துபோனது எவ்வளவு?

வாழ்க்கை வரலாறு எஞ்சிய தாள்களை வைத்து எழுதப்படுவது. எஞ்சாதவை எவை என்று தெரியாமல் அதைப் படிக்கக் கூடாது. ஜேன் ஆஸ்டினின் கடிதங்களில் பெரும்பகுதியை அக்காள் கசாண்ட்ரா எரித்தார். சிலவற்றில் வரிகளை வெட்டினார். இன்று இருப்பவை சுமார் 160. அவற்றைப் படித்துவிட்டு ஆஸ்டின் வீட்டு விவகாரங்களை மட்டுமே எழுதியவர் என்று தீர்ப்புச் சொல்வோர் உண்டு. ஆனால் அப்படிப்பட்டவற்றைத்தானே கசாண்ட்ரா விட்டுவைத்திருப்பார்? கவிஞர் பைரன் இறந்த மறுமாதமே, 1824 மே மாதம், அவருடைய தன்வரலாற்றுக் கையெழுத்துப் பிரதி லண்டனில் பதிப்பாளர் ஜான் மரேயின் வீட்டுக் கணப்பில் எரிக்கப்பட்டது. டிக்கன்ஸ் 1860 செப்டம்பரில், தமக்கு வந்த கடிதங்களைத் தம் வீட்டுத் தோட்டத்தில் குவித்துக் கொளுத்தினார். அதனால்தான் டிக்கன்ஸ் பேசுவது நமக்கு ஆயிரக்கணக்கான கடிதங்களில் கேட்கிறது, அவரிடம் மற்றவர்கள் பேசியது கேட்பதில்லை.

சார்லட்டின் கடிதங்கள் தப்பியது ஒரு தோழியின் பிடிவாதத்தால். பள்ளித் தோழி எலன் நஸ்ஸிக்கு அவர் நூற்றுக்கணக்கில் எழுதியிருந்தார். 1854இல் திருமணமான சில மாதங்களில், கணவர் ஆர்தர் பெல் நிக்கல்ஸ் மனைவி எழுதிக்கொண்டிருந்த கடிதத்தை எட்டிப் பார்க்கிறார். இவ்வளவு வெளிப்படையாகவா எழுதுவது என்று கேட்கிறார். இத்தகைய கடிதங்கள் தீக்குச்சியைப் போல ஆபத்தானவை, படித்ததும் எரித்துவிடுவதாக எலன் உறுதிமொழி தர வேண்டும் என்கிறார். இதையெல்லாம் சார்லட் அதே கடிதத்தில் எலனுக்கு எழுதுகிறார்! எலன் உறுதிமொழி கொடுத்தார், எரிக்கவில்லை. முந்நூறுக்கும் மேற்பட்ட கடிதங்களை காஸ்கலிடம் கொடுத்தார். காஸ்கலின் நூலில் நாம் கேட்கும் சார்லட்டின் குரல், எலனிடம் பேசிய குரல். எலன் பக்தி மிகுந்த, அடக்கமான பெண். அவரிடம் சார்லட் சொல்லாதவை நிறைய இருந்தன. வாழ்க்கை வரலாற்றைப் படிக்கும்போது இந்தக் கடிதம் யாருக்கு எழுதப்பட்டது என்று ஒவ்வொரு முறையும் பார்க்க வேண்டியது இதனால்தான்.

தாள் இல்லாத இடங்களில் நூலாசிரியரின் நடை மாறும். ‘அவர் நினைத்திருக்க வேண்டும்’, ‘ஒருவேளை அன்று மாலை’, ‘சந்தேகமில்லாமல் மனம் வருந்தியிருப்பார்’ என்று வரும். அந்த வரிகளின் ஓரத்தில் பென்சிலால் ஒரு கோடு போடுங்கள். ஓர் அத்தியாயத்தில் கோடுகள் அதிகமானால் அது ஊகம் நிறைந்த அத்தியாயம். ஊகம் தவறில்லை, ஆனால் அதைச் செய்தியாக உங்கள் நோட்டில் ஏற்றாதீர்கள்.

கல்லில் பொறித்ததும் சில சமயம் தவறாக இருக்கும். தங்கை ஆன் பிராண்டே 1849 மே 28 அன்று ஸ்கார்பரோவில் இறந்தபோது அவருக்கு வயது 29. கல்லறைக் கல்லில் 28 என்று இருக்கிறது.

6. கடிதத்தையே படியுங்கள்

இரண்டு நூல்களும் முரண்படும் இடத்தில், அந்தச் சிக்கலுக்குரிய மூல ஆவணத்தைத் தேடுங்கள். சார்லட்டின் விஷயத்தில் அது நான்கு கடிதங்கள்.

1913 ஜூலை 29 அன்று டைம்ஸ் நாளிதழ் அவற்றை வெளியிட்டபோது, சார்லட் இறந்து 58 ஆண்டுகள் ஆகியிருந்தன. பிரஸ்ஸல்ஸ் ஆசிரியர் கான்ஸ்டன்டின் ஹெஜேயின் பிள்ளைகள் அந்தக் கடிதங்களை பிரிட்டிஷ் மியூசியத்துக்குக் கொடுத்திருந்தார்கள். ஊர் திரும்பிய பிறகு 1844, 1845இல் சார்லட் பிரெஞ்சு மொழியில் அவருக்கு எழுதியவை. பதில் கேட்டுக் கெஞ்சுகிறார். பகலிலும் இரவிலும் அமைதி இல்லை என்கிறார். ஒரு வரியாவது எழுதுங்கள் என்கிறார். ஹெஜே திருமணமானவர், பிள்ளைகள் உள்ளவர்.

தாள்களின் நிலைமை கடிதங்களின் வாசகத்துக்குக் குறையாமல் பேசுகிறது. மூன்று கடிதங்கள் கிழிக்கப்பட்டு, பிறகு துண்டுகள் சேர்க்கப்பட்டு நூலால் தைக்கப்பட்டிருக்கின்றன. கணவர் கிழித்துப் போட்டதை மனைவி எடுத்துத் தைத்து வைத்தார் என்பது அந்தக் குடும்பத்தார் சொன்னது. கடைசிக் கடிதத்தின் ஓரத்தில் ஹெஜே பென்சிலால் ஒரு செருப்புத் தைப்பவரின் பெயரையும் முகவரியையும் குறித்து வைத்திருக்கிறார். ஒரு பெண் உயிரைக் கொட்டி எழுதிய தாள், அதைப் பெற்றவருக்கு முகவரி குறிக்கும் தாளாகக் கையருகே கிடந்திருக்கிறது. எந்த வாழ்க்கை வரலாற்றாசிரியரின் விளக்கமும் இந்த ஓரக் குறிப்புக்கு ஈடாகாது.

காஸ்கலுக்கு இது தெரிந்திருந்தது. 1856இல் பிரஸ்ஸல்ஸ் போய் ஹெஜேயைச் சந்தித்தார். ஹெஜேயின் மனைவி அவரைப் பார்க்க மறுத்துவிட்டார். கடிதங்களிலிருந்து தீங்கில்லாத சில வரிகளை மட்டும் எடுத்து நூலில் சேர்த்தார். துயரத்தின் காரணத்தைத் தம்பியின் தலையில் போட்டார். இதைப் பொய் என்று சொல்லி அவர் நூலை ஒதுக்குகிறவர்கள் உண்டு. எனக்கு அதில் உடன்பாடில்லை. தந்தைக்கு அப்போது 80 வயது. மனைவியை இழந்து இரண்டு ஆண்டுகளே ஆன கணவர் அதே வீட்டில் இருக்கிறார். அந்த உண்மையை 1857இல் அச்சேற்றியிருந்தால் சார்லட்டின் பெயர் பத்திரிகைகளில் சீரழிந்திருக்கும். காஸ்கல் தோழியைக் காப்பாற்றினார். ஆனால் அந்தக் காவலுக்கு விலை கொடுத்தவர் இறந்துபோன பிரான்வெல்.

7. காசு, தபால், தண்ணீர்

பத்தொன்பதாம் நூற்றாண்டு இங்கிலாந்தின் சில நடைமுறைகள் தெரியாவிட்டால் பாதிப் பக்கங்கள் புரியாது.

பணம்: ஒரு பவுண்டுக்கு 20 ஷில்லிங், ஒரு ஷில்லிங்குக்கு 12 பென்ஸ். இன்றைய ரூபாய்க்கு மாற்றிப் பார்ப்பதால் பயனில்லை. அதே வாழ்க்கைக்குள் ஒப்பிடுங்கள். 1841இல் சார்லட் ஒரு குடும்பத்தில் கவர்னஸ், அதாவது வீட்டோடு தங்கிப் பாடம் சொல்லும் ஆசிரியை. சம்பளம் ஆண்டுக்கு 20 பவுண்டு. துணி வெளுப்புக்குப் பிடித்தது போகக் கையில் வந்தது 16. ஆறு ஆண்டுகள் கழித்து ‘ஜேன் ஐர்’ நாவலுக்கு அவருக்குக் கிடைத்தது மொத்தம் 500 பவுண்டு. கவர்னஸ் வேலையில் அதைச் சேர்க்க முப்பது ஆண்டுகள் ஆகியிருக்கும். எழுத்து அந்தப் பெண்ணுக்கு என்ன தந்தது என்று இந்த ஒரு கணக்கு சொல்லிவிடுகிறது.

தபால்: 1840க்கு முன்பு கடிதத்தைப் பெறுகிறவர்தான் பெரும்பாலும் காசு கொடுக்க வேண்டும். தூரத்துக்கும் தாள்களின் எண்ணிக்கைக்கும் ஏற்பக் கட்டணம். எனவே ஒரே தாளில் எழுதி முடித்து, தாளைத் திருப்பிக் குறுக்காகவும் எழுதினார்கள். 1840இல், அனுப்புகிறவர் ஒரு பென்னி (பென்ஸ் என்பதன் ஒருமை) மட்டும் கொடுக்கும் பென்னித் தபால் வந்தது. அதன் பிறகு கடிதங்கள் பெருகுவதற்கு மனமாற்றத்தைக் காரணம் தேட வேண்டியதில்லை.

தண்ணீர்: பிராண்டே குடும்பத்தைப் படிக்கிறவர்கள் சாவுகளால் திகைத்துப் போகிறார்கள். தாய் 1821இல். அக்காள் மரியாவும் எலிசபெத்தும் 1825இல். பிரான்வெல், எமிலி, ஆன் மூவரும் 1848 செப்டம்பருக்கும் 1849 மே மாதத்துக்கும் இடையில். காஸ்கல் முதல் அத்தியாயத்திலேயே தேவாலயத்திலுள்ள நினைவுப் பலகையை நமக்குக் காட்டுகிறார். மேலே எழுத்துகள் பெரிதாக, வரிகளுக்கிடையே தாராளமாக இடம் விட்டுப் பொறிக்கப்பட்டிருக்கின்றன. கீழே வர வர வரிகள் நெருங்குகின்றன, எழுத்துகள் சிறுக்கின்றன. இத்தனை பெயர்கள் வரும் என்று முதலில் யாரும் எதிர்பார்க்கவில்லை. இவ்வளவு நுணுக்கமாகப் பார்க்க ஒரு நாவலாசிரியரால்தான் முடியும்.

ஆனால் அந்தக் குடும்பம் மட்டும் விதியால் தேர்ந்தெடுக்கப்பட்டது போன்ற எண்ணமும் அதில் வந்துவிடுகிறது. அதைத் திருத்துவது பார்க்கர் போன்றவர்கள் எடுத்துக்காட்டும் ஆவணம். 1850இல் பாபேஜ் என்ற அரசு ஆய்வாளர் ஹாவொர்த்தின் சுகாதார நிலையைப் பற்றி அறிக்கை கொடுத்தார். ஊரில் இறந்தவர்களின் சராசரி வயது 25.8. நூற்றுக்கு 41 பேர் 6 வயதுக்குள் இறந்தார்கள். திறந்த சாக்கடைகள், நிரம்பிய கல்லறைத் தோட்டம், கெட்டுப்போன குடிநீர். அந்த ஆய்வு வேண்டுமென்று ஊராரோடு சேர்ந்து விண்ணப்பித்தவர் பேட்ரிக் பிராண்டே.

அதே பேட்ரிக்கை காஸ்கல் எப்படிக் காட்டினார்? பிள்ளைகளின் பூட்ஸை நெருப்பில் போட்டார், மனைவியின் பட்டு உடையைக் கிழித்தார், நாற்காலி முதுகுகளை அறுத்தார் என்று எழுதினார். மனைவியின் கடைசி நோயின்போது அந்த வீட்டில் வேலை பார்த்து வெளியேற்றப்பட்ட ஒரு பெண் சொன்னவை இவை. பேட்ரிக் காஸ்கலுக்குப் பண்போடு எழுதினார்: நான் கொஞ்சம் விசித்திரமானவன்தான், அப்படி இல்லாவிட்டால் எனக்கு இத்தகைய பிள்ளைகள் பிறந்திருக்க மாட்டார்கள், ஆனால் உடையைக் கிழித்ததாகவும் நாற்காலியை அறுத்ததாகவும் மட்டும் எழுத வேண்டாம் என்று. எல்லாப் பிள்ளைகளையும் புதைத்துவிட்டு 84 வயது வரை வாழ்ந்தவர் அவர். சொன்னவர் யார், அவருக்கு என்ன கோபம் என்று நோட்டின் நான்காவது பத்தியில் எழுதிவைக்கச் சொன்னது இதற்காகத்தான்.

8. நாவலில் வாழ்க்கையைத் தேடும்போது

டிக்கன்ஸுக்கு 12 வயது. தந்தை கடன் பாக்கிக்காக மார்ஷல்சீ சிறையில். சிறுவன் லண்டன் ஆற்றங்கரையில் ஒரு பூட்ஸ் கறுப்பு மைத் தொழிற்சாலையில் டப்பாக்களுக்கு லேபிள் ஒட்டுகிறான், வாரம் ஆறேழு ஷில்லிங்குக்கு. ஃபார்ஸ்டர் நூல் 1872இல் வரும்வரை இது உலகத்துக்குத் தெரியாது. டிக்கன்ஸே எழுதி நண்பரிடம் கொடுத்து வைத்திருந்த பக்கங்களை ஃபார்ஸ்டர் அச்சிட்டார்.

அந்தப் பக்கங்களை ‘டேவிட் காப்பர்ஃபீல்ட்’ நாவலின் 11ஆம் அத்தியாயத்துக்குப் பக்கத்தில் வைத்துப் படியுங்கள். பல வாக்கியங்கள் அப்படியே இருக்கின்றன. பொதுவாக இங்கே வாசகர்கள் ‘அப்படியென்றால் டேவிட்தான் டிக்கன்ஸ்’ என்று நிறுத்திவிடுவார்கள். மாற்றியது என்ன என்று பாருங்கள். டேவிட் அநாதை, அவனை வேலைக்கு அனுப்புவது கொடிய மாற்றாந்தகப்பன். டிக்கன்ஸுக்குப் பெற்றோர் இருவரும் இருந்தார்கள். பையன் வேலையை விட்டு வந்தபோது மீண்டும் அங்கேயே அனுப்ப வேண்டும் என்று சொன்னவர் தாய். அதை மறக்கவே முடியாது என்று மூன்று விதமாகத் திரும்பத் திரும்ப எழுதினார் டிக்கன்ஸ். நாவலில் அந்தத் தாயைக் காணோம். அங்கே வருவது மென்மையான, இறந்துபோன ஒரு தாய். ஒத்திருக்கும் வரிகளில் நினைவாற்றலைப் பார்க்கிறோம். மாறிய இடத்தில் காயத்தைப் பார்க்கிறோம்.

பிற்காலத்து விவகாரங்களிலும் ஃபார்ஸ்டரைக் கவனித்துப் படிக்க வேண்டும். எலன் டெர்னன் என்ற நடிகையுடன் டிக்கன்ஸுக்கு இருந்த உறவைப் பற்றி நூலில் அவர் பேசவில்லை. ஆனால் பின்னிணைப்பில் உயிலை முழுதாக அச்சிட்டார். அதில் முதல் கொடையே எலனுக்கு 1000 பவுண்டு. நண்பராகவும் இருந்து, ஆவணத்தையும் அழிக்காமல் விட்டவர் அவர். பின்னிணைப்புகளைப் புரட்டாமல் நூலை மூடாதீர்கள்.

9. பெரிய நூலை முடிப்பது

பார்க்கரின் நூலைப் போன்றவற்றை முதல் பக்கத்திலிருந்து கடைசிவரை ஒரே வேகத்தில் படிக்க வேண்டியதில்லை. பழைய நூலைப் படித்தபோது உங்கள் நோட்டில் கேள்விக்குறி போட்ட ஆண்டுகள் இருக்கும். பெயரடைவின் வழியாக அந்த ஆண்டுகளுக்கு முதலில் போங்கள். 1824–25இல் சகோதரிகள் படித்த கோவன் பிரிட்ஜ் பள்ளி, 1842–45, 1848–49 என்று மூன்று துண்டுகளைப் படித்தாலே நூலின் சுவை பிடித்துவிடும். பிறகு மூதாதையர் அத்தியாயத்துக்கு நீங்களே திரும்பிப் போவீர்கள். அயர்லாந்தின் டவுன் மாவட்டத்தில் ஏழைக் குடும்பத்தில் 1777இல் பிறந்த பேட்ரிக், 1802இல் கேம்பிரிட்ஜ் கல்லூரிக்குள் எப்படி நுழைந்தார் என்று அப்போது உண்மையாகவே தெரிந்துகொள்ளத் தோன்றும்.

ஒரே பெயர்கள் குழப்பும். தாய் மரியா, மகள் மரியா. பெரியம்மா எலிசபெத், மகள் எலிசபெத், வாழ்க்கை வரலாற்றை எழுதிய காஸ்கலும் எலிசபெத். குடும்ப மரத்தை நகலெடுத்து நோட்டின் முதல் பக்கத்தில் ஒட்டிக்கொள்ளுங்கள்.

10. படைப்புக்குத் திரும்புதல்

இரண்டு வாழ்க்கை வரலாறுகளும் நான்கு கடிதங்களும் முடிந்த பிறகு, சார்லட் 1853இல் வெளியிட்ட ‘வில்லெட்’ நாவலை எடுங்கள். பிரஸ்ஸல்ஸை வேறு பெயரில் வைத்து எழுதியது. அங்கே முன்கோபக்கார ஆசிரியர் ஒருவர் வருகிறார். அவரை ஹெஜே என்று அடையாளம் காண்பது சுலபம். அதோடு நிற்காமல், பதில் வராத கடிதத்துக்காகக் காத்திருக்கும் அத்தியாயங்களை மெதுவாகப் படியுங்கள். கடிதம் எழுதியவருக்குக் கிடைக்காததில் எதையெல்லாம் நாவலாசிரியர் தம் நாயகிக்குக் கொடுக்கிறார், எதைக் கொடுக்க மறுக்கிறார் என்று குறித்துக்கொள்ளுங்கள். கடைசி அத்தியாயத்தைச் சோகமாக முடிக்க வேண்டாம் என்று தந்தை விரும்பியதாகவும், சார்லட் முடிவை மாற்றாமல் பூடகமாக்கி எழுதியதாகவும் காஸ்கல் சொல்கிறார். அந்தக் கடைசிப் பக்கத்தில் இரண்டு விருப்பங்களையும் தனித்தனியே பிரித்துக் காண முடிகிறதா என்று பாருங்கள்.

அடுத்த எழுத்தாளராக டிக்கன்ஸை எடுத்துக்கொள்ளலாம். சார்லட்டைவிட நான்கு வயது மூத்தவர். சிவப்பு, நீல மையில் ஏற்கெனவே நீங்கள் எழுதி வைத்த ஆண்டுகள் அவருக்கும் உதவும்; பென்னித் தபாலும் பவுண்டுக் கணக்கும் மீண்டும் கற்க வேண்டியதில்லை. ஃபார்ஸ்டரின் முதல் தொகுதியிலிருந்து தொடங்குங்கள்.